அம்மாவுக்கு முதல் பாஸ்போர்ட்: தட்கல் போடலாமா, சாதாரண முறையே போதுமா?

பட்டுக்கோட்டையான்

எல்லோருக்கும் வணக்கம். தங்கச்சி சிங்கப்பூரில் இருக்கிறாள். தலைப்பிரசவம், இன்னும் மூன்றரை மாதம் இருக்கிறது. அம்மா பக்கத்தில் இருக்க வேண்டும் என்று அவளும் ஆசைப்படுகிறாள், மாப்பிள்ளையும் கேட்கிறார். அம்மாவுக்கு 63 வயது. இதுவரை பாஸ்போர்ட் எடுத்ததே இல்லை. பிறப்புச் சான்றிதழ் கிடையாது. ஐந்தாவது வரை உள்ளூர்ப் பள்ளியில் படித்தவர், அந்தக் காலத்துச் சான்றிதழ் எதுவும் வீட்டில் இல்லை. ஆதார், வாக்காளர் அட்டை, பான், ரேஷன் அட்டை, வங்கிப் பாஸ்புக் இவ்வளவுதான் கையில் இருப்பவை.

கடைத்தெருவில் ஒரு ஏஜென்ட், "தட்கல்ல போட்டுடலாம், மூணே நாள்ல பாஸ்போர்ட் கையில. மொத்தமா ஒன்பதாயிரம் குடுங்க, போலீஸ் செலவும் அதுலயே அடக்கம்" என்கிறார். பணம் போனால் போகட்டும், வேலை நடந்தால் சரி என்று தோன்றுகிறது. நடக்குமா? அனுபவப்பட்டவர்கள் சொல்லுங்கள்.

நிலாமுற்றம்

முதல்ல அந்த ஒன்பதாயிரத்தைக் கொடுக்காதீங்க. கணக்கு இதுதான்: 36 பக்க பாஸ்போர்ட், சாதாரண முறையில 1,500 ரூபாய். தட்கல்னா அதுக்கு மேல 2,000, ஆக 3,500. அதுலயும் தட்கலுக்கு ஆன்லைன்ல 1,500 மட்டும்தான் கட்டுவீங்க. மிச்ச 2,000 பாஸ்போர்ட் சேவை மையமான சேவா கேந்திராவுல விண்ணப்பத்தை ஏத்துக்கிட்ட பிறகு அங்கேயே கட்டணும். உங்க அம்மாவுக்கு 60 தாண்டிட்டதால, சாதாரண முறையில புது பாஸ்போர்ட்டுக்கு 10 சதவீதம் தள்ளுபடி உண்டு, 1,350 தான் வரும்.

நான் சென்னையில ரீஇஷ்யூவுக்கு (பழைய பாஸ்போர்ட்டைப் புதுப்பிக்க) தட்கல் போட்டேன். முகவரி மாறல, பேர் மாறல, போலீஸ் வெரிஃபிகேஷனே கேட்கல. மறு வேலைநாளே அனுப்பிட்டாங்க. ஆனா அது ரீஇஷ்யூ. முதல் பாஸ்போர்ட்டோட கதை வேற.

மலைக்கோட்டை வாசி

தம்பி, நான் அரசுப் பணியில் இருந்து ஓய்வு பெற்றவன். எங்கள் வீட்டில் பலருக்கு நானே முன்னின்று எடுத்துக் கொடுத்திருக்கிறேன். என் யோசனை, தட்கலே போடுங்கள். ஏஜென்ட் வேண்டாம், நீங்களே போடுங்கள். பிரசவ விஷயம், நாள் முன்னே பின்னே ஆகலாம். 2,000 ரூபாய் பார்த்தால் பின்னால் வருத்தப்பட வேண்டியிருக்கும். தட்கலில் பாஸ்போர்ட் முதலில் வந்துவிடும், காவல் துறை விசாரணை அதற்குப் பிறகுதான். அதுவே பெரிய நிம்மதி.

2018-க்கு முன்னால் தட்கல் என்றால் உயர் பதவியில் இருக்கும் அதிகாரி ஒருவரிடம் சரிபார்ப்புச் சான்றிதழ் வாங்க வேண்டும். தெரிந்த அதிகாரி இல்லாத ஏழைக்கு அந்த வழியே அடைபட்டுக் கிடந்தது. அதை எடுத்துவிட்டார்கள். இப்போது அவர்கள் கொடுத்திருக்கும் பட்டியலில் ஏதாவது மூன்று ஆவணம் இருந்தால் போதும். ஆதார், வாக்காளர் அட்டை, ரேஷன் அட்டை, பான், ஓட்டுநர் உரிமம், வங்கிப் பாஸ்புக் எல்லாம் அந்தப் பட்டியலில் உண்டு.

சேவைமையம்_தஞ்சை

நான் இ-சேவை மையம் வைத்திருக்கிறேன். தினமும் பாஸ்போர்ட் விண்ணப்பம் போட்டுக் கொடுக்கிறவன் என்கிற முறையில் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன்.

மலைக்கோட்டை ஐயா சொன்னதில் தவறில்லை. ஆனால் "தட்கல் போட்டால் மூன்று நாள்" என்று மக்கள் மனதில் பதிந்திருக்கிறதே, அதில்தான் பலர் ஏமாறுகிறார்கள். அந்த மூன்று வேலைநாள் கணக்கு நீங்கள் பணம் கட்டிய நாளிலிருந்து ஓடுவதில்லை. சேவா கேந்திராவில் ஆவணங்களைச் சரிபார்த்து, அதிகாரி அனுமதித்த பிறகுதான் ஆரம்பிக்கும். அதற்கு முன்னால் அப்பாயின்ட்மென்ட் கிடைக்க வேண்டும். கோடை விடுமுறைக்கு முன்னால், கல்லூரிச் சேர்க்கை நேரத்தில், தட்கல் இடம் திறந்த சில நிமிடங்களில் காலியாகிவிடும். சில வாரங்களில் சாதாரண முறையில் நாளைக்கே இடம் காட்டும், தட்கலில் ஒன்றும் இருக்காது. 2,000 அதிகம் கொடுத்துவிட்டுக் காத்திருப்பவர்களை நான் பார்த்துக்கொண்டே இருக்கிறேன்.

இரண்டாவது, தட்கல் என்பது உரிமை கிடையாது. அதிகாரிக்குச் சந்தேகம் வந்தால் தட்கல் விண்ணப்பத்தையும் "போலீஸ் ரிப்போர்ட் வந்த பிறகு" என்று மாற்றலாம். அப்போது சாதாரண விண்ணப்பம் போகிற அதே வழியில்தான் இதுவும் போகும். சந்தேகம் எதனால் வரும்? பெரும்பாலும் ஒரே காரணம்தான். ஒரு அட்டையில் ஒரு பெயர், இன்னொரு அட்டையில் வேறு பெயர். ஒன்றில் ஒரு பிறந்த தேதி, மற்றதில் வேறு.

அதனால் பட்டுக்கோட்டையான், தட்கலா சாதாரணமா என்பதைப் பிறகு பார்ப்போம். இப்போது அம்மாவின் அட்டைகளை எல்லாம் மேசை மேல் பரப்பி வையுங்கள். ஒவ்வொன்றிலும் பெயர் எப்படி இருக்கிறது, இனிஷியல் என்ன, பிறந்த தேதி என்ன, முகவரி என்ன, எழுத்துக்கு எழுத்து பார்த்து இங்கே சொல்லுங்கள். அட்டை எண்களை மட்டும் போட்டுவிடாதீர்கள்.

பட்டுக்கோட்டையான்

பார்த்தேன் அண்ணே. ஆதாரிலும் வாக்காளர் அட்டையிலும் 12-06-1962. பானில் மட்டும் 01-01-1963. பான் எடுத்தபோது யாரோ குத்துமதிப்பாகப் போட்டிருக்கிறார்கள் போல.

பெயரில் வேறு சிக்கல். ஆதாரில் அப்பாவின் இனிஷியலோடு இருக்கிறது, அதாவது அம்மாவின் கணவர் பெயர். பானில் தாத்தா பெயர் தந்தை பெயராக இருக்கிறது, அம்மா பெயருக்குப் பக்கத்தில் இனிஷியல் இல்லை. வாக்காளர் அட்டையிலும் இனிஷியல் இல்லை, கணவர் பெயர் தனியாக இருக்கிறது. பாஸ்புக்கில் ஆதார் போலவே. முகவரி எல்லாவற்றிலும் ஒன்றுதான்.

சேவைமையம்_தஞ்சை

நம் ஊரில் பத்துக்கு ஏழு பெண்களின் ஆவணம் இப்படித்தான் இருக்கும், பயப்பட ஒன்றுமில்லை. கல்யாணத்துக்கு முன் ஒரு இனிஷியல், பின் ஒரு இனிஷியல்.

பாஸ்போர்ட்டில் இனிஷியல் என்று ஒற்றை எழுத்தாகப் போடக் கூடாது, விரித்து முழுப் பெயராக எழுத வேண்டும். படிவத்தில் பெயருக்கு ஒரு கட்டம், குடும்பப் பெயருக்கு ஒரு கட்டம். அம்மாவின் பெயரை முதல் கட்டத்திலும் கணவர் பெயரை விரித்து இரண்டாவது கட்டத்திலும் போடுங்கள். ஆதாரில் இருக்கும் இனிஷியலும் வாக்காளர் அட்டையில் இருக்கும் கணவர் பெயரும் அதற்கு ஒத்துப்போகிறது. கல்யாணச் சான்றிதழ் கேட்பார்களோ என்று கவலைப்பட வேண்டாம், 2016 டிசம்பரில் விதிகளைத் தளர்த்தியபோதே அதைக் கட்டாயமில்லை என்று ஆக்கிவிட்டார்கள்.

குடும்பப் பெயர்க் கட்டத்தைக் காலியாக விடுகிறவர்கள் நம் பக்கம் நிறைய. விண்ணப்பம் அப்படியும் போகும். ஆனால் 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், ஒற்றைப் பெயர் மட்டும் உள்ள பாஸ்போர்ட்டோடு சுற்றுலா விசாவில் வருகிறவர்களை அனுமதிக்க மாட்டோம் என்று சொன்னது ஞாபகம் இருக்கும். பின்னால், இரண்டாம் பக்கத்தில் தந்தை பெயர் இருந்தால் சரி என்று விளக்கம் கொடுத்தார்கள். அதற்குள் விமான நிலையத்திலிருந்து எத்தனை பேர் திரும்பினார்கள். இரண்டு கட்டத்தையும் நிரப்பிவிடுவது நல்லது.

பிறந்த தேதிக்குப் பிறப்புச் சான்றிதழ் மட்டும்தான் என்ற விதி, 2023 அக்டோபர் 1 அன்றோ அதற்குப் பிறகோ பிறந்தவர்களுக்குத்தான். 2025 பிப்ரவரியில் வந்த திருத்தம் அது. அம்மாவுக்கு வாக்காளர் அட்டை, பான், பள்ளிச் சான்றிதழ், எல்.ஐ.சி. பாலிசிப் பத்திரம், ஓட்டுநர் உரிமம் இவற்றில் எது இருந்தாலும் ஏற்பார்கள். இனி நீங்கள் பார்க்க வேண்டியது, எது உண்மையான தேதி என்பதை.

மலைக்கோட்டை வாசி

பானை எடுத்துக்கொண்டே போக வேண்டாமே. ஆதார், வாக்காளர் அட்டை, பாஸ்புக் மூன்றும் தட்கலுக்குப் போதும். பானைத் திருத்திக்கொண்டு உட்கார்ந்தால் அதிலேயே வாரங்கள் போய்விடும்.

சேவைமையம்_தஞ்சை

ஐயா, விண்ணப்பத்தைப் பொறுத்தவரை நீங்கள் சொல்வது சரி. பான் கட்டாயம் இல்லை. ஆனாலும் இரண்டு தேதியோடு ஒருவர் காலம் தள்ளுவது நல்லதல்ல என்பது என் கருத்து. பாஸ்போர்ட்டில் ஒரு தேதி ஏறிவிட்டால் பிறகு அதை மாற்றுவதுதான் இருப்பதிலேயே கடினமான வேலை. ஆகவே எந்தத் தேதி சரி என்று முதலில் உறுதி செய்துகொள்ளட்டும். பான் திருத்தம் ஒரு பக்கம் தனியாக ஓடட்டும், அதற்காகப் பாஸ்போர்ட்டை நிறுத்த வேண்டாம்.

தம்பி, அம்மா படித்த ஊராட்சி ஒன்றியப் பள்ளி இன்னும் இருக்கிறதா? இருந்தால் தலைமையாசிரியரைப் போய்ப் பாருங்கள். சேர்க்கைப் பதிவேடு அநேகமாகப் பீரோவில் இருக்கும். அந்தக் காலத்துப் பதிவேடு நீளமாக, துணி பைண்டிங் போட்டு, ஓரம் செல்லரித்துப்போய் இருக்கும். வரிசை எண், மாணவர் பெயர், தந்தை பெயர், பிறந்த தேதி எண்ணிலும் எழுத்திலும் என்று கட்டம் கட்டமாக எழுதியிருப்பார்கள். சேர்ந்த ஆண்டு தெரிந்தால் தேடிக் கண்டுபிடித்து, பதிவுத்தாள் நகலில் கையெழுத்தும் முத்திரையும் போட்டுக் கொடுப்பார்கள்.

வைகைக்கரை வக்கீல்

இடையில் ஒரு விஷயம். இதைப் படிக்கிற மற்றவர்களுக்கும் உதவும். வழக்கு எதுவும் நிலுவையில் உண்டா என்ற கேள்விக்கு "இல்லை" என்று சும்மா டிக் போட்டுவிடுகிறார்கள். வேகமாக வேண்டும் என்று தட்கலில் எடுத்துவிட்டு, பின்னால் வரும் போலீஸ் அறிக்கையில் வழக்கு தெரிந்தால், பாஸ்போர்ட்டை முடக்குவார்கள். தகவலை மறைத்ததற்கு 1967-ஆம் ஆண்டு பாஸ்போர்ட் சட்டத்தின் 12-ஆவது பிரிவில் தனி நடவடிக்கை வேறு.

எஃப்.ஐ.ஆர். மட்டும் பதிவாகி விசாரணையில் இருப்பதும், குற்றப்பத்திரிகை தாக்கலாகி நீதிமன்றம் கோப்பில் எடுத்துக்கொண்டதும் ஒன்றல்ல. பிரிவு 6(2)(எஃப்) நீதிமன்றத்தின் முன் நிலுவையில் இருக்கும் வழக்கைத்தான் பேசுகிறது. அப்படி வழக்கு இருந்தாலும் வழி அடைந்துவிடவில்லை. 1993 ஆகஸ்ட் 25 தேதியிட்ட அறிவிக்கையின்படி, வழக்கு நடக்கும் நீதிமன்றத்தில் அனுமதி வாங்கினால் பாஸ்போர்ட் கிடைக்கும். நீதிமன்றம் காலம் குறிப்பிடாவிட்டால் ஓராண்டுக்குக் கொடுப்பார்கள். போராட்ட வழக்கு, வரப்புத் தகராறு வழக்கு என்று பெயரில் ஏதாவது இருக்கிறவர்கள் முதலில் ஒரு வக்கீலிடம் வழக்கின் நிலையைத் தெரிந்துகொண்டு விண்ணப்பியுங்கள்.

தோஹா தமிழன்

வேலைக்கு வளைகுடா வரும் தம்பிகளுக்கு ஒரு வார்த்தை. பத்தாவது பாஸ் பண்ணின சான்றிதழைக் கட்டாயம் கொண்டுபோங்க. அது இல்லாம போட்டா பாஸ்போர்ட் ஈ.சி.ஆர். ஆயிடும். சவுதி, கத்தார், ஓமன், குவைத், மலேசியான்னு 18 நாட்டுக்கு வேலைக்குப் போக அப்புறம் எமிகிரேஷன் கிளியரன்ஸ்ங்கிற அரசு அனுமதி வாங்கணும். அதை நீக்கணும்னா திரும்ப ரீஇஷ்யூ. அவசரத்துல தட்கல் போட்டு வாங்கினவன், மார்க் ஷீட்டை வீட்டுல விட்டுட்டுப் போனதால மறுபடி முதல்ல இருந்து ஆரம்பிக்கிறதை எங்க ரூம்லயே பார்த்திருக்கேன்.

பட்டுக்கோட்டையான், உங்க அம்மாவுக்கு 50 வயசு தாண்டிட்டதால இந்தப் பிரச்சினையே இல்லை.

பட்டுக்கோட்டையான்

எல்லோருக்கும் நன்றி. பள்ளிக்கூடம் போய் வந்தேன். பதிவேடு இருந்தது. 12-06-1962 என்றே இருக்கிறது, எழுத்திலும் எழுதியிருக்கிறார்கள். தாத்தா பெயர், தொழில் "விவசாயம்" என்று நீல மையில். அம்மாவிடம் போட்டோ எடுத்துக் காட்டினேன், ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டே இருந்தார்கள். தலைமையாசிரியர் நகல் கொடுத்துவிட்டார். பான் திருத்தத்துக்கும் ஆதாரை வைத்துப் போட்டாயிற்று.

இப்போது சொல்லுங்கள், தட்கலா சாதாரணமா?

சேவைமையம்_தஞ்சை

சாதாரணம். மூன்றரை மாதம் இருக்கிறது, ஆவணம் நான்கும் ஒன்றாகப் பேசுகிறது. சாதாரண முறைக்கு 30 நாள் என்று கணக்கு வைத்துக்கொள்ளுங்கள். அதில் பெரும்பகுதி போலீஸ் விசாரணைக்குப் போகும் நேரம். போலீஸ் ரிப்போர்ட் சரியாகப் போய்விட்டால் அச்சடித்து அனுப்ப நாள் ஆகாது.

அம்மாவுக்கு இன்னொரு சலுகை உண்டு. 60 வயது கடந்தவர்கள், நான்கு வயது வரை உள்ள குழந்தைகள், மாற்றுத்திறனாளிகள் இவர்கள் ஆன்லைனில் விண்ணப்பித்து, பணம் கட்டி, ஏ.ஆர்.என். (விண்ணப்ப எண்) ரசீதோடு அப்பாயின்ட்மென்ட் இல்லாமலே குறிப்பிட்ட சேவா கேந்திராவுக்குப் போகலாம். கிளம்பும் முன் 1800-258-1800 என்ற இலவச எண்ணில் எந்த மையம், எந்த நேரம் என்று கேட்டுக்கொள்ளுங்கள். அம்மாவைப் பஸ்ஸில் அலைக்கழிக்க வேண்டாம். தஞ்சாவூரிலேயே மையம் இருக்கிறது, திருச்சி மண்டலப் பாஸ்போர்ட் அலுவலகத்துக்குக் கீழ் வருகிறது.

விண்ணப்பிக்கும் தளத்தின் முகவரி "டாட் ஜிஓவி டாட் இன்" என்று முடிகிறதா என்று பாருங்கள். தேடினால் அதே மாதிரி நிறத்தில், அதே மாதிரி முத்திரையோடு போலித் தளங்கள் மேலே வந்து நிற்கும். பணத்தையும் வாங்கிக்கொண்டு ஆதார் நகலையும் வாங்கிக்கொள்வார்கள்.

மலைக்கோட்டை வாசி

நான் இன்னும் தட்கல் பக்கம்தான் தம்பி. ஆனால் சேவைமையத்தார் தினமும் இதில் புழங்குகிறவர், அவர் சொல்வதைக் கேளுங்கள். ஒன்று மட்டும். ஒரு மாதம் கடந்தும் வரவில்லை என்றால் சும்மா இருக்காதீர்கள். மண்டல அலுவலகத்தில் நேரில் நிலை கேட்க ஆன்லைனிலேயே நேரம் பதியும் வசதி இருக்கிறது. கோப்பு எண்ணோடு நேரில் போய் நின்றால் எங்கே நிற்கிறது என்று தெரிந்துவிடும். சென்னை ஹாடோஸ் சாலையில் சாஸ்திரி பவன் வாசலில் விடியற்காலையில் வரிசையில் நின்ற காலத்தோடு ஒப்பிட்டால் இப்போது எவ்வளவோ மேல்.

கொள்ளிடம்

போலீஸ் விஷயத்தை யாரும் விரிவாகச் சொல்லவில்லையே. எங்கள் ஊரில் விசாரணைக்கு வந்தவர் வெளிப்படையாகவே "செலவுக்கு" என்று கேட்டார். கொடுக்கவில்லை. விண்ணப்பம் அப்படியே நின்றது. வயிறு எரிகிறது.

சேவைமையம்_தஞ்சை

கொள்ளிடம், உங்கள் கோபம் நியாயம். இந்த விசாரணைக்கு விண்ணப்பதாரர் ஒரு ரூபாய் கொடுக்க வேண்டியதில்லை. நீங்கள் கட்டும் கட்டணத்திலேயே அது அடக்கம். வெளியுறவு அமைச்சகம் மாநிலக் காவல் துறைக்கு ஒரு விசாரணைக்கு 150 ரூபாய் கொடுக்கிறது, அதுவும் 21 நாளுக்குள் அறிக்கை கொடுத்தால்தான். தாமதித்தால் 50 ரூபாய். ஆக, நேரத்தோடு முடிப்பது அவர்களுக்கும் லாபம். பணம் கேட்டால் மாவட்டக் காவல் கண்காணிப்பாளர் அலுவலகத்துக்கு எழுதுங்கள், லஞ்ச ஒழிப்புத் துறைக்கும் சொல்லலாம். கோப்பு எண், வந்த தேதி, நேரம் எழுதி வைத்திருங்கள். "நின்றுவிட்டது" என்கிறீர்கள், நிலையைப் பார்த்தால் என்ன காட்டுகிறது?

கொள்ளிடம்

ரிப்போர்ட் மண்டல அலுவலகத்தில் பரிசீலனையில் என்று காட்டுகிறது.

சேவைமையம்_தஞ்சை

அப்படியானால் போலீஸிடமிருந்து அறிக்கை போய்விட்டது. அது "கிளியர்" ஆக இல்லாமல், "வீட்டில் இல்லை" என்றோ முழுமையில்லை என்றோ போயிருக்கலாம். மண்டல அலுவலகத்தில் நேரில் நிலை கேட்க நேரம் பதிந்து போங்கள். முகவரி ஆதாரத்தைக் காட்டி, மறு போலீஸ் விசாரணைக்கு அனுப்பச் சொல்லுங்கள். அனுப்புவார்கள். இதில் ஏஜென்ட்டுக்கு வேலையே இல்லை.

எல்லோருக்கும் பொதுவாகச் சொல்கிறேன். விசாரணை நீங்கள் விண்ணப்பத்தில் தற்போதைய முகவரி என்று எதைப் போட்டீர்களோ அங்கேதான் வரும். 2018 ஜூனிலிருந்து நாட்டில் எந்த மண்டல அலுவலகத்திலும் விண்ணப்பிக்கலாம். சென்னையில் இடம் இல்லையென்றால் வேலூர், விழுப்புரம், சேலம் தபால் நிலையங்களில் உள்ள மையங்களில் பார்க்கலாம். பெங்களூரில் வேலை பார்க்கும் பையன் அங்கேயே போடலாம். ஆனால் ஊர் முகவரியைப் போட்டுவிட்டு பெங்களூரில் உட்கார்ந்திருந்தால், போலீஸ் வீட்டுக்கு வந்து "ஆள் இல்லை" என்று எழுதிவிட்டுப் போவார். வேகமாகப் போக வேண்டிய விண்ணப்பம் முடங்குவதற்கு நான் பார்த்த முதல் காரணம் அதுதான். எந்த முகவரியில் நீங்கள் இருக்கிறீர்களோ அதைப் போடுங்கள். கைப்பேசி அழைப்பை எடுங்கள், தெரியாத எண் என்று துண்டித்துவிடாதீர்கள். அக்கம்பக்கத்தில் இரண்டு பேரிடம் முன்கூட்டியே சொல்லி வையுங்கள்.

அரசு ஊழியர்கள் துறையிலிருந்து தடையில்லாச் சான்றோ, முன்தகவல் கடிதம் கொடுத்த நகலோ இணைத்தால் இந்த விசாரணைக்காகக் காத்திருக்க வேண்டியிருக்காது. மலைக்கோட்டை ஐயாவுக்கு இது தெரிந்திருக்கும்.

நிலாமுற்றம்

உள்ளே என்ன நடக்கும்னு அம்மாவுக்கு முன்னாடியே சொல்லி வைங்க, பதற மாட்டாங்க. டோக்கன் கொடுப்பாங்க. முதல்ல ஏ கவுன்ட்டர், அங்க இருக்கிறவங்க தனியார் நிறுவன ஊழியர்கள். ஆவணத்தை ஸ்கேன் பண்ணி, போட்டோ எடுத்து, கைரேகை எடுப்பாங்க. அடுத்து பி, அங்க அரசு அதிகாரி அசல் ஆவணங்களைப் பார்த்து கேள்வி கேட்பார். கடைசியா சி, அங்கதான் முடிவு. ஏ கவுன்ட்டர்ல உங்க பக்கம் திரும்பின ஒரு சின்னத் திரை இருக்கும், டைப் பண்ணினது எல்லாம் அதுல தெரியும். பேர், அப்பா பேர், பிறந்த ஊர் எல்லாத்தையும் எழுத்தெழுத்தா படிக்கச் சொல்லுங்க. பின்னாடி நிக்கிறவங்களைப் பார்த்து அவசரப்பட வேண்டாம்.

விரல்ல மருதாணி வச்சுக்கிட்டுப் போக வேண்டாம், ரேகை பதியறதுக்குச் சிரமம். வயசானவங்களுக்கு ரேகை தேய்ஞ்சிருக்கும், கையைக் கழுவித் துடைச்சிட்டு வச்சா பதியும்.

சிராங்கூன்வாசி

சிங்கப்பூரிலிருந்து எழுதுகிறேன். பாஸ்போர்ட் கையில் வந்ததும் வேலை முடியவில்லை. இந்தியர்களுக்கு இங்கே வர விசா வேண்டும். அங்கீகாரம் பெற்ற முகவர்கள் மூலம் விண்ணப்பிக்கலாம். இங்கிருந்து மாப்பிள்ளை அறிமுகக் கடிதம் கொடுத்தால் நல்லது. புதுப் பாஸ்போர்ட் என்பதால் ஆறு மாதச் செல்லுபடிக் கவலை இல்லை. ஆனால் பழைய பாஸ்போர்ட்டோடு வருகிறவர்கள் அதைக் கவனியுங்கள். சிங்கப்பூருக்கும் மலேசியாவுக்கும் குறைந்தது ஆறு மாதம் செல்லுபடி இருக்க வேண்டும். காலாவதிக்கு ஓராண்டு முன்பிருந்தே ரீஇஷ்யூ போடலாம், டிக்கெட் எடுத்த பிறகு தட்கலுக்கு ஓட வேண்டியதில்லை. திருச்சியிலிருந்து நேரடி விமானம் இருக்கிறது, அம்மா சென்னை வரை போக வேண்டாம்.

பட்டுக்கோட்டையான்

தகவல் சொல்ல வந்தேன். சாதாரண முறையில்தான் போட்டோம், 1,350 கட்டினோம். தஞ்சாவூர் மையத்தில் அம்மாவை உட்கார வைத்து மரியாதையாகவே நடத்தினார்கள். திரையில் தாத்தா பெயரில் ஒரு எழுத்து விட்டிருந்தது, அம்மாவே பள்ளி நகலைக் காட்டி "இதுல பாருங்கம்மா" என்று சொல்லித் திருத்த வைத்தார்கள். போலீஸ் விசாரணைக்கு வந்தவர் ஒரு டம்ளர் தண்ணீர் தவிர எதுவும் கேட்கவில்லை. அறிக்கை போன சில நாளிலேயே "அச்சிடப்பட்டது" என்று குறுஞ்செய்தி, பின்னாலேயே ஸ்பீட் போஸ்ட். தபால்காரர் ஆதாரைப் பார்த்துவிட்டு அம்மா கையில்தான் கொடுத்தார். ஒரு மாதத்துக்குள் எல்லாம் முடிந்தது. சில்லு வைத்த இ-பாஸ்போர்ட், அட்டையில் கீழே சின்னத் தங்க நிற அடையாளம் இருக்கிறது. விசாவுக்குக் கொடுத்துவிட்டோம்.

சேவைமையம்_தஞ்சை

ரொம்ப சந்தோஷம் தம்பி. அம்மாவிடம் முதல் பக்கத்தை இன்னொரு தடவை நிதானமாகப் படித்துக் காட்டுங்கள். இ-பாஸ்போர்ட்டுக்குக் கட்டணம் கூடுதல் இல்லை, சில்லு அட்டைக்குள் இருப்பதால் மடக்காமல் வைத்துக்கொள்ளுங்கள்.

முல்லைக்கொடி

அண்ணா, இந்த இழையைப் பார்த்துத்தான் கேட்கிறேன். பாப்பாவுக்கு ஒன்றரை வயது. தட்கல் அவசியமா? எனக்கும் அவருக்கும் பாஸ்போர்ட் இருக்கிறது.

சேவைமையம்_தஞ்சை

அவசியமே இல்லைம்மா. உங்கள் இருவர் பாஸ்போர்ட்டும் காலாவதி ஆகாமல் இருந்து, ஒருவர் பெயர் மற்றவர் பாஸ்போர்ட்டில் துணைவர் என்று ஏறியிருந்தால், குழந்தைக்குப் பொதுவாகப் போலீஸ் விசாரணை இருக்காது. சீக்கிரம் வந்துவிடும். கட்டணம் 1,000, எட்டு வயதுக்குள் என்பதால் அதிலும் 10 சதவீதம் குறையும். இருவரும் கையெழுத்திட்ட இணைப்பு டி (பெற்றோர் உறுதிமொழிப் படிவம்) வேண்டும். வெள்ளைப் பின்னணியில் எடுத்த போட்டோ கொண்டுபோங்கள், நான்கு வயதுக்குக் கீழ் அங்கே எடுக்க மாட்டார்கள்.

பிறப்புச் சான்றிதழில் பாப்பாவின் பெயர் ஏறியிருக்கிறதா? நிறைய பேர் மருத்துவமனையில் பதிந்ததோடு விட்டுவிடுகிறார்கள், பெயர் இருக்க வேண்டிய இடம் வெறுமையாக இருக்கும். பாப்பா 2023 அக்டோபருக்குப் பிறகு பிறந்தவள், அந்தச் சான்றிதழ் ஒன்றுதான் ஆதாரம்.

முல்லைக்கொடி

பார்த்தேன் அண்ணா, பெயர் இல்லை.

சேவைமையம்_தஞ்சை

அப்படியென்றால் முதல் வேலை அது. பிறந்து ஓராண்டு கடந்துவிட்டதால் தாமதக் கட்டணம் உண்டு, பெரிய தொகை இல்லை. பிறப்பைப் பதிந்த நகராட்சி அல்லது ஊராட்சி அலுவலகத்தில் நீங்களும் அவரும் கையெழுத்திட்டுக் கொடுங்கள். பாப்பாவின் பெயரை ஆங்கிலத்தில் எப்படி எழுதப் போகிறீர்கள் என்று இருவரும் பேசி முடிவு செய்துவிட்டு, அதே எழுத்துகளை அங்கும் ஆதாரிலும் பாஸ்போர்ட் படிவத்திலும் போடுங்கள். புதுச் சான்றிதழ் இணையத்தில் ஏறியதும் பதிவிறக்கிக்கொண்டு பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பியுங்கள்.